அரங்கேறிய பிறகு ஒரு சாதகம்

அசுர சாதகக் கதைகளுக்கு, அதாவது இசைக்கலைஞர்கள் விடாப்பிடியாகப் பயிற்சி செய்த கதைகளுக்கு, நம்மிடம் பஞ்சமே இல்லை. விடிவதற்கு முன் கழுத்தளவு தண்ணீரில் நின்று பாடியவர்கள், குருவின் வீட்டில் எடுபிடி வேலை செய்துகொண்டே வரிசைகளைப் பழகியவர்கள் என்று எத்தனையோ பேரைப் பற்றிக் கேட்டு வளர்ந்திருக்கிறோம். ஆனால் அவை அநேகமாக அரங்கேற்றத்துக்கு முந்தைய கதைகள். மேடையும் பெயரும் கைக்கு வந்த பிறகு, "எனக்கு இன்னும் வாசிப்பு கைகூடவில்லை" என்று தானாகவே இறங்கிப் போனவர் யார் என்று கேட்டால், எனக்கு முதலில் நினைவுக்கு வருபவர் அமெரிக்க ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர் சன்னி ரோலின்ஸ்தான்.

1959-இல் அவர் கச்சேரிகளை நிறுத்தியபோது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. அடுத்த இரண்டு ஆண்டுகளுக்கும் மேலாக, நியூயார்க்கில் மன்ஹாட்டனையும் புரூக்ளினையும் இணைக்கும் வில்லியம்ஸ்பர்க் பாலத்தின் நடைபாதையில், ரயிலும் கார்களும் இரையும் சத்தத்துக்கு நடுவே, மழை பனி பாராமல் நாள் முழுக்க வாசித்துப் பழகினார். இதை ஏதோ முனிவரின் தவம் போலச் சொல்வது வழக்கமாகிவிட்டது. எனக்கு அதில் உடன்பாடில்லை. அவர் பாலத்துக்குப் போனதற்கு முதல் காரணம் மிகச் சாதாரணமானது: அடுக்குமாடிக் குடியிருப்பில் அண்டை வீட்டில் ஒரு கர்ப்பிணிப் பெண் இருந்தார், டெனர் சாக்ஸபோனின் சத்தத்தால் அவரைத் தொந்தரவு செய்ய ரோலின்ஸ் விரும்பவில்லை.

அந்த முடிவைப் புரிந்துகொள்ள அதற்கு முந்தைய பத்து ஆண்டுகளைப் பார்க்க வேண்டும். 1930-இல் நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில், கரீபியக் கடலின் வெர்ஜின் தீவுகளிலிருந்து வந்த பெற்றோருக்குப் பிறந்தவர் அவர். இருபது வயதுக்குள் பெரிய கலைஞர்களோடு வாசித்தார்; அதே வேகத்தில் ஹெராயினுக்கும் அடிமையானார். 1950-இல் ஆயுதம் ஏந்திய கொள்ளை வழக்கில் சிறைக்குப் போனார். 1955-இல் கென்டக்கி மாநிலத்தின் லெக்சிங்டனில் இருந்த அரசு மருத்துவமனையில் சேர்ந்து அந்தப் பழக்கத்தை விட்டார். வெளியே வந்தவர் நேராக மேடை ஏறிவிடவில்லை. சிகாகோவில் கூட்டிப் பெருக்கும் வேலை பார்த்தபடி, பழைய சகவாசம் மறுபடி இழுத்தால் தாங்க முடியுமா என்று தன்னைத்தானே சோதித்துக்கொண்டிருந்தார். பாலத்தைவிட இந்தச் சிகாகோ மாதங்கள்தான் எனக்குப் பெரிதாகத் தோன்றுகின்றன. அவற்றைப் பற்றிப் பேசுபவர்கள் குறைவு, ஏனென்றால் துடைப்பத்தில் கவித்துவம் எதுவும் இல்லை.

அதன்பின் கிளிஃபர்ட் பிரவுனும் டிரம்ஸ் கலைஞர் மாக்ஸ் ரோச்சும் நடத்திய குழுவில் சேர்ந்தார். போதையைத் தொடாமலே உச்சத்தில் வாசிக்க முடியும் என்பதற்குக் கண்முன் நின்ற சாட்சி டிரம்பெட் கலைஞர் பிரவுன். 1956 ஜூன் 22 அன்று ரோலின்ஸ் 'சாக்ஸபோன் கொலோசஸ்' இசைத்தட்டைப் பதிவு செய்தார். நான்கு நாள் கழித்து பிரவுன் கார் விபத்தில் இறந்துபோனார். அவருக்கு வயது 25.

அடுத்த இரண்டு மூன்று ஆண்டுகளில் ரோலின்ஸ் தன் பெயரிலேயே குழுக்களை நடத்தினார். 1957-இல் பியானோவையே நீக்கிவிட்டு, பாஸ் என்ற கனத்த தொனியுள்ள தந்தி வாத்தியம், டிரம்ஸ் இரண்டை மட்டும் துணைக்கு வைத்துக்கொண்டார். ஸ்வர அடுக்குகளைப் போட்டுக் கொடுத்துத் தாங்கிப் பிடிக்கப் பியானோ இல்லாதபோது தனி வாசிப்பவருக்கு முழுச் சுதந்திரம் கிடைக்கிறது. தடுமாறினால் ஒளிந்துகொள்ளவும் இடமில்லாமல் போகிறது. 1958-இல் வந்த 'ஃப்ரீடம் சூட்' இசைத்தட்டின் தலைப்புப் பகுதி ஏறத்தாழ 19 நிமிடங்கள் நீள்கிறது. கறுப்பினத்தவரின் நிலை பற்றி அதன் உறையில் அவர் எழுதிய சில வரிகள் சிலருக்குப் பிடிக்கவில்லை. நிறுவனம் பிற்பாடு அதே இசைத்தட்டை வேறு தலைப்பில் வெளியிட்டது.

அதே ஆண்டு கந்தர் ஷுல்லர் என்ற இசையமைப்பாளர், ரோலின்ஸ் ஒரு சிறு மெட்டை எடுத்துக்கொண்டு கற்பனையைப் படிப்படியாக வளர்க்கும் விதத்தை ஆராய்ந்து புகழ்ந்து ஒரு கட்டுரை எழுதினார். தான் யோசிக்காமல் செய்துகொண்டிருந்ததை இன்னொருவர் வரைபடமாகப் போட்டுக் காட்டியது ரோலின்ஸுக்குச் சங்கடமாகிவிட்டது. விமர்சகர்கள் கைதட்டும் இடமும் தன் காதுக்குக் குறை தெரியும் இடமும் ஒன்றாகவே இருந்தால் ஒரு கலைஞர் என்னதான் செய்வார்? அவர் பாலத்துக்குப் போனார்.

1961 இறுதியில் திரும்பி வந்து, மறு ஆண்டு கிதார் கலைஞர் ஜிம் ஹாலைச் சேர்த்துக்கொண்டு 'தி பிரிட்ஜ்' என்ற இசைத்தட்டைத் தந்தார். இதற்குள் சக சாக்ஸபோன் கலைஞர்களான ஜான் கோல்ட்ரேனும் ஆர்னெட் கோல்மனும் ஜாஸின் இலக்கணத்தையே அசைத்திருந்ததால், ரோலின்ஸும் ஒரு புரட்சியோடுதான் வருவார் என்று காத்திருந்தவர்களுக்கு ஏமாற்றமாக இருந்தது. அந்த ஏமாற்றத்தை நான் ஏற்பதில்லை. அவர் புதுமையைத் தேடிப் போகவில்லை. ஏற்கெனவே வாசித்ததை இன்னும் சுத்தமாக வாசிக்கப் போனார். அந்த இசைத்தட்டில் மூச்சும் தொனியும் எவ்வளவு திடமாக நிற்கின்றன என்று கேட்டால் போதும்.

1960-களின் பிற்பகுதியில் மறுபடி விலகி, மும்பை பவாயில் சுவாமி சின்மயானந்தரின் ஆசிரமத்தில் சில மாதங்கள் தங்கினார். 1970-களிலிருந்து வந்த அவருடைய ஸ்டுடியோ பதிவுகள் பெரும்பாலும் எனக்குச் சப்பென்றுதான் இருக்கின்றன. குழுவில் அவருக்கு ஈடுகொடுப்பவர்கள் குறைந்துபோனார்கள். மேடையில் கேட்டால் வேறு மனிதர். 2001 செப்டம்பர் 11 தாக்குதலை அடுத்து உலக வர்த்தக மையத்துக்கு அருகில் இருந்த வீட்டிலிருந்து சாக்ஸபோனோடு வெளியேற்றப்பட்டவர், செப்டம்பர் 15 அன்று பாஸ்டனில் வாசித்த கச்சேரியின் பதிவு கிடைக்கிறது, அவசியம் கேளுங்கள். 2012-க்குப் பிறகு நுரையீரல் நோயால் அவரால் மேடையேற முடியவில்லை.

வில்லியம்ஸ்பர்க் பாலத்துக்கு அவர் பெயரைச் சூட்ட வேண்டும் என்று நியூயார்க்கில் ஓர் இயக்கம் நடந்தது. நல்ல எண்ணம்தான், ஆனால் என் கையெழுத்தைக் கேட்டால் யோசிப்பேன். பாலத்தில் அவரை முதலில் கண்டு எழுதிய பத்திரிகையாளர்கூட அவர் தனிமை கெடக்கூடாது என்று வேறொரு பெயரில்தான் அவரைக் குறிப்பிட்டார்.