பனியனில் இருக்கும் விஜி துக்குல், சோலோவில் இருந்த விஜி துக்குல்

இந்தோனேசியாவில் போராட்டம் என்று எந்தப் படம் வந்தாலும் அதில் ஒரு சொல்லைத் தேடுவது எனக்குப் பழகிவிட்டது. லாவான். 'எதிர்த்து நில்' என்று பொருள். பதாகை, சுவர், பனியன் என்று எங்காவது தென்பட்டுவிடும். விஜி துக்குல் 1986-ல் எழுதிய கவிதையின் கடைசிச் சொல் அது. கவிதையைப் படிக்காதவர்களுக்கும் அந்தச் சொல் தெரியும். எழுதிய ஆளைத்தான் சொல்லுக்குப் பின்னால் தொலைத்துவிட்டார்களோ என்று தோன்றும்.

1963-ல் மத்திய ஜாவாவின் சோலோ நகரத்தில் சைக்கிள் ரிக்‌ஷா ஓட்டியவரின் மகனாகப் பிறந்தார். ஜாவானிய மொழியில் விஜி என்றால் விதை, துக்குல் என்றால் முளைப்பது. நடனம் படிக்கச் சேர்ந்து, பாதியில் பள்ளியை விட்டார். பேப்பர் போட்டார், சினிமா தியேட்டர் வாசலில் பிளாக்கில் டிக்கெட் விற்றார், மரச்சாமான் பட்டறையில் பாலிஷ் அடித்தார். நடுவில் நாடகக் குழு, கவிதை. இத்தனைக்கும் அவருக்கு 'ர' சரியாக வராது. 1984-ல் வந்த தொகுப்புக்கு அவர் வைத்த பெயரே 'குழறல் கவிதை' என்ற பொருளில்தான். தன் குறையைத் தானே அட்டையில் அச்சடித்துவிட்டால் அப்புறம் யார் கேலி செய்ய முடியும்?

என்னைக் கேட்டால் துக்குல் எழுதியதைவிட நடத்தியது பெரிது. சோலோவின் கலங்கான் பகுதியில் இருந்த அவர் வீட்டிலேயே ஒரு கலைக்கூடம் நடந்தது. பெயர் 'சுகா பாஞ்சிர்', அதாவது அடிக்கடி வெள்ளம் வரும் இடம். மழைக்குப் பயப்படும் குடியிருப்புக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் ஏது? அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் அங்கே படம் வரைந்தார்கள், நாடகம் போட்டார்கள், கவிதை வாசித்தார்கள். மனைவி சிபோன் துணி தைத்துக் குடும்பத்தை ஓட்டினார். தையல் மிஷினை விட்டுவிட்டு அந்தக் கலைக்கூடத்தைப் பற்றிப் பேசவே முடியாது, ஆனால் பெரும்பாலோர் விட்டுவிடுகிறார்கள்.

1992-ல் துணி ஆலைக் கழிவை எதிர்த்து அந்தப் பகுதி மக்கள் கிளம்பியபோது துக்குலும் கூட நின்றார். தொண்ணூறுகளில் ஓவியர்கள் செம்சார் சியஹான், மோல்யோனோ போன்றவர்களோடு சேர்ந்து 'ஜாக்கர்' என்ற மக்கள் கலை அமைப்பைக் கட்டினார். 1995-ல் ஸ்ரீடெக்ஸ் ஆலைத் தொழிலாளர் போராட்டத்தில் பட்ட அடியில் அவருடைய வலது கண் கெட்டது.

அவருடையது பிரச்சாரக் கவிதை என்று ஒதுக்குபவர்கள் உண்டு. சரி, சில கவிதைகள் துண்டறிக்கை மாதிரிதான் இருக்கின்றன, மறுக்கவில்லை. ஆனால் வாடகை, அரிசி, ஓவர்டைம் கூலி எல்லாம் கவிதைக்குள் வரலாம் என்று ஆலைத் தொழிலாளிக்குக் காட்டியவர் அவர். அவர்கள் முன்னால் வாசிக்கத்தான் அவற்றை எழுதினார். குளிர்சாதன அரங்கில் உட்கார்ந்து அந்தக் கவிதையை எடைபோடுவது என்ன நியாயம்?

1996 ஜூலை 27 அன்று ஜகார்த்தாவில் இந்தோனேசிய ஜனநாயகக் கட்சி அலுவலகம் தாக்கப்பட்டது. அப்போது நாட்டை ஆண்ட சர்வாதிகாரி சுகார்த்தோவின் அரசு, பழியை இடதுசாரி மக்கள் ஜனநாயகக் கட்சி மீது போட்டது. ஜாக்கர் அந்தக் கட்சியோடு சேர்ந்து இயங்கிய அமைப்பு. துக்குல் தலைமறைவானார். மகன் ஃபஜர் மேராவுக்கு அப்போது மூன்று வயதுகூட நிறையவில்லை. போர்னியோ தீவின் இந்தோனேசியப் பகுதியான கலிமந்தானில், போந்தியானாக் நகரில் வேறு பெயரில் ஒளிந்திருந்தார். அங்கேயும் எழுதினார். 1998-ல் சுவடு அறுந்துவிட்டது. அதே ஆண்டு மே 21 அன்று சுகார்த்தோ பதவி விலகினார், துக்குல் வீடு திரும்பவில்லை. அந்தக் காலத்தில் காணாமலாக்கப்பட்டுத் திரும்பாத 13 பேரில் அவரும் ஒருவர்.

பிள்ளை வளர்ந்து அப்பாவின் கவிதைகளுக்கு மெட்டுப் போட்டுப் பாடுகிறார். சிபோன் கால் நூற்றாண்டு காத்திருந்தார். 2023 ஜனவரி 5 அன்று இறந்தார். ஜனவரி 11 அன்று அப்போதைய அதிபர் ஜோகோ விடோடோ பழைய மனித உரிமை மீறல்கள் 12-ஐ அரசின் சார்பில் ஒப்புக்கொண்டு வருத்தம் தெரிவித்தார். 1997-98 காணாமலாக்கல்களும் அதில் இருந்தன. அந்த அதிபரும் சோலோக்காரர், ஒரு காலத்தில் மரச்சாமான் வியாபாரம் செய்தவர். அதைக் கேட்க சிபோனுக்கு ஆறு நாள் போதவில்லை.