சிறுவாட்டுக்குக் கணக்கு கேட்கலாமா?

கணவனும் மனைவியும் ஒரே நோட்டில் வரவு செலவு எழுதினால் வீட்டில் பணச்சண்டையே வராது என்கிறார், குடும்ப வரவு செலவு பற்றி நான் படித்த ஒரு கட்டுரையின் கட்டுரையாளர். எங்கள் பாளையங்கோட்டைப் பக்கத்தில் அந்த நோட்டே புதுச் சண்டைக்கு வழிவகுக்கும் என்பது என் கருத்து. உளுந்து டப்பாவுக்குள்ளும் பட்டுச்சேலை மடிப்புக்குள்ளும் பெண்கள் சேர்த்துவைக்கும் சிறுவாட்டுப் பணம் எந்த நோட்டிலும் ஏறாது. ஏறிவிட்டால் மறுநாளே அதற்கு ஒரு செலவு வந்துவிடும். 2016 நவம்பர் 8 இரவு 500, 1,000 ரூபாய்த் தாள்கள் செல்லாது என்று அறிவிக்கப்பட்டபோது, வங்கியில் மாற்றுவதற்காக அவற்றை வெளியே எடுத்தே தீரவேண்டிய நிலை வந்து, "ஏட்டி, ஆனித் தேருக்குக் கையில சல்லிக்காசு இல்லன்னு சொன்னியே, இது எங்க இருந்து வந்துச்சு?" என்று கணவர் கேட்க, "நீங்க டீக்கடையில விட்டது போக மிச்சம்" என்று மனைவி சொன்ன வீடுகள் இங்கு பல உண்டு. (தாள்களை மாற்ற வரிசையில் நின்றவர் பெரும்பாலும் அந்தக் கணவர்தான்.) 2023 செப்டம்பர் முதல் தமிழக அரசின் மகளிர் உரிமைத்தொகை மாதம் 1,000 ரூபாய் மனைவியின் கணக்கிலேயே வரவு வைக்கப்படுகிறது, ஆனால், வங்கியில் கொடுத்திருப்பது கணவரின் செல்பேசி எண் என்றால், குறுஞ்செய்தி முதலில் அவரைத்தான் எட்டுகிறது. அந்தத் தொகையை நோட்டில் யாருடைய வரவாக எழுதுவது என்பதையும் கட்டுரையாளர் தெரிவித்திருக்கலாம்.