பட்டியலில் ஒருவர் பெயரைக் கீழே இறக்கும் முன் அவரைக் கேளுங்கள்

அரசு ஊழியர்களைப் பணிமூப்புப்படி அடுக்கும் முதுநிலைப் பட்டியல் பற்றி எழுதினால், "இது உங்க ஆபீஸ் விவகாரம்" என்று நண்பர்கள் பலர் தாண்டிப் போய்விடுகிறார்கள். அரசுப் பணியில் இருப்பவரால் அப்படித் தாண்ட முடியாது. இளநிலை உதவியாளராகச் சேர்ந்த ஒருவர் எந்த வயதில் உதவியாளர் ஆவார், கண்காணிப்பாளர் ஆவாரா, ஆகாமலே ஓய்வு பெறுவாரா என்பதெல்லாம் அந்தப் பட்டியலில் அவருடைய வரிசை எண்ணைப் பொறுத்தது.

யாருக்கு மூப்பு என்பதில் பெரும்பாலும் இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது. நேரடி நியமனத்தில் வந்தவருக்கும் பதவி உயர்வில் வந்தவருக்கும் இடையிலான வழக்கு நாடு முழுக்க நடக்கிறது. உச்ச நீதிமன்றமே 2012இல் ஒன்று சொன்னது: காலியிடம் ஏற்பட்ட ஆண்டிலேயே ஆளெடுப்பு தொடங்கிவிட்டால், பின்னால் வந்து சேர்ந்தாலும் அந்த ஆண்டின் மூப்பு உண்டு. மணிப்பூர் காவல் அதிகாரிகள் வழக்கில் 2019இல் அதே நீதிமன்றம் அதை மாற்றியது. பணியில் சேரும் முன்பே மூப்பு கிடையாது என்றது. ஆனால் பழைய தீர்ப்பின்படி ஏற்கெனவே முடிவான பட்டியல்களைக் கலைக்கவில்லை. எனக்கு இந்தத் தீர்ப்பில் மிகவும் பிடித்தது அந்தப் பகுதிதான்.

நீதிபதிகளுக்கே இவ்வளவு சிக்கலான விஷயம் இது. அப்படியிருக்க, ஒரு பிரிவு எழுத்தர் போட்ட குறிப்பை வைத்து, சம்பந்தப்பட்டவரைக் கேட்காமலே பட்டியலைத் திருத்துவதை எப்படி ஏற்க முடியும்?

நடைமுறையில் என்ன நடக்கிறது? ஒருவர் மேல்முறையீடு கொடுக்கிறார், தன்னை நாற்பதாவது இடத்திலிருந்து இருபதாவது இடத்துக்கு ஏற்ற வேண்டும் என்று. அவர் ஏறினால் இடையில் உள்ள இருபது பேரும் ஒவ்வொரு படி இறங்குகிறார்கள். அந்த இருபது பேருக்கும் நோட்டீஸ் போக வேண்டும். பல அலுவலகங்களில் போவதில்லை. திருத்திய செயல்முறை ஆணை வந்த பிறகுதான், அதுவும் யாரோ வாட்ஸ்அப்பில் அனுப்பித்தான், அவர்களுக்கே தெரிகிறது. என்னுடன் வேலை பார்த்த ஒருவருக்கு இது நடந்தது. ஆட்சேபணை கொடுத்தார். பல மாதம் கழித்து வந்த பதில் "கோரிக்கை ஏற்புடையதல்ல" என்ற ஒரே வரி. எந்த விதிப்படி, எந்த ஆவணத்தின்படி என்று எதுவும் இல்லை. காரணம் தெரியாத ஆணையை எதிர்த்து அவர் மேலே என்னவென்று முறையிடுவார்?

சட்டம் இதில் தெளிவாகவே இருக்கிறது. ஒருவரைப் பாதிக்கும் நிர்வாக ஆணையாக இருந்தாலும் அவருடைய தரப்பைக் கேட்க வேண்டும் என்று பினாபாணி தேய் வழக்கில் 1967இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 1969இல் கிரைபக் வழக்கு வந்தது. தேர்வுக்குழுவில் உட்கார்ந்த வனத்துறை அதிகாரி, தானும் அதே பதவிக்குப் போட்டியிட்டவர். தன் பெயர் வந்தபோது ஒதுங்கிக்கொண்டார், போட்டியாளர்களின் பெயர் வந்தபோது உட்கார்ந்திருந்தார். அந்தத் தேர்வே ரத்தானது. இன்றும் மூப்புக் கோப்பைக் கையாளும் பிரிவில், அதே பட்டியலில் பெயர் உள்ளவர்களே குறிப்பு எழுதுகிறார்கள். அவர்கள் நேர்மையானவர்களாகவே இருக்கலாம், இருந்தாலும் அந்தக் கோப்பு அவர்கள் கைக்குப் போகக் கூடாது.

தாமதத்தையும் சொல்லியாக வேண்டும். உளவுத்துறை ஊழியர்கள் தொடர்பான முட்கல் வழக்கில், 1958இன் பட்டியலை 1976இல் போய் எதிர்த்தார்கள். பாதிக்கப்படக்கூடியவர்களை வழக்கில் சேர்க்கவும் இல்லை. உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. பணியில் சேர்ந்து மூன்று நான்கு வருடம் ஆன ஒருவரை அச்சமில்லாமல் வேலை பார்க்க விட வேண்டும் என்றது. சரிதான். ஆனால் அந்தக் கண்டிப்பு ஊழியருக்கு மட்டும் இருந்தால் போதாது.

நம் மாநிலத்தையே பாருங்கள். டிஎன்பிஎஸ்சி தேர்வில் மூப்பை இனச்சுழற்சிப் புள்ளிப்படி (இட ஒதுக்கீட்டுக்காக வகுப்பு வாரியாக இடங்களை அடுக்கும் வரிசைப்படி) வைப்பதா, மதிப்பெண் தரவரிசைப்படி வைப்பதா என்ற வழக்கில், தரவரிசைதான் என்று 2015இல் உயர் நீதிமன்றம் சொன்னது. 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதில் தலையிட மறுத்தது. அரசு பட்டியலைத் திருத்தாமல், அதே ஆண்டில் பழைய முறையை முன்தேதியிட்டுக் காப்பாற்ற ஒரு சட்டம் போட்டது. 2019இல் அந்தப் பிரிவுகளை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது. 2021இல் விஷயம் நீதிமன்ற அவமதிப்பு வரை போன பிறகுதான், 2003 மார்ச் 10க்குப் பிந்தைய மூப்பைத் திருத்தும் வேலை துறைகளில் வேகம் பிடித்தது. தரவரிசையில் மேலே இருந்தவர்கள் இத்தனை வருடம் காத்திருந்தார்கள். மறுபக்கம், அரசே கொடுத்த ஆணையை நம்பிப் பதவி உயர்வு பெற்றவர்கள், எந்தத் தவறும் செய்யாமல், பதவியிறக்கத்துக்குப் பயந்து நின்றார்கள். இரண்டு தரப்பும் ஒருவரை ஒருவர் திட்டிக்கொண்டது எனக்கு வேதனையாக இருந்தது. தள்ளிப்போட்டது அரசு. ஒவ்வொரு வருடத் தாமதமும் இழக்கப் போகிறவர்களின் எண்ணிக்கையைக் கூட்டியது.

அரசு ஊழியர்களின் பணி வழக்குகளுக்கென்று 1988இல் வந்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயமும் 2006இல் போய்விட்டது. இப்போது எல்லாவற்றுக்கும் ரிட் மனுதான். கடைநிலை ஊழியருக்கு வக்கீல் செலவு என்ன சாதாரணமா?

சங்கங்கள் அகவிலைப்படிக்குக் கொடுக்கும் குரலில் பாதியையாவது இதற்குக் கொடுக்க வேண்டும். தற்காலிக முதுநிலைப் பட்டியலை ஒவ்வொருவரிடமும் கையெழுத்து வாங்கிக் கொடுக்கட்டும். ஆட்சேபணைக்கு முப்பது நாளாவது தரட்டும். பெயர் இறங்கும் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக நோட்டீஸ் போகட்டும். ஆணையில் விதியும் காரணமும் எழுதப்படட்டும். ஆட்சேபணைகள் முடியாமல் தேர்ந்தோர் பட்டியலை, அதாவது பதவி உயர்வுக்கானவர்களின் பட்டியலை, வெளியிடக் கூடாது. இதற்குப் புதுச் சட்டம் தேவையில்லை, துறைத் தலைவர் ஒரு சுற்றறிக்கை போட்டால் அடுத்த பட்டியலிலேயே நடைமுறைக்கு வந்துவிடும்.