பச்சை உடம்புக்காரியைக் காத்திருக்கச் சொல்லாதீர்கள்

கணவனால் கைவிடப்பட்ட பெண்களுக்குத் தமிழக அரசு மாத உதவித்தொகை தருகிறது. நல்ல திட்டம்தான். ஆனால் அதை வாங்க 30 வயது நிறைந்திருக்க வேண்டும். சட்டப்படி பிரிந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் அவன் விட்டுப்போய் 5 வருஷமாவது ஆகியிருக்க வேண்டும். கைக்குழந்தைக்காரிக்கு அந்த 5 வருஷத்தை யார் ஓட்டித் தருவது?

எனக்குத் தெரிந்த ஒரு பெண்ணுக்கு இரட்டைக் குழந்தைகள். ஆபரேஷன் தையல் ஆறுவதற்குள் அவன் போய்விட்டான். பிறந்த குழந்தை ஒரு நாளைக்கு 8 முதல் 12 தடவை பால் குடிக்கும். இவளுக்கு எல்லாமே இரண்டு மடங்கு. ஒன்றுக்குப் பால் கொடுத்து, தோளில் போட்டுத் தட்டி, ஏப்பம் வந்ததும் கிடத்தினால் அடுத்தது வீறிடும். குளிக்கப் போகவும் யாராவது வந்து உட்கார வேண்டும். தாய் வீட்டிலும் ஆள் பலம் இல்லை. பார்க்க வந்தவர்களோ, “நீ கொஞ்சம் அனுசரிச்சுப் போயிருக்கலாமேம்மா” என்றார்கள். தூங்காமல் கண் உள்ளே போய்க் கிடப்பவளிடம் கேட்கிற கேள்வியா இது? எனக்கு வயிறு எரிந்தது.

“பெரியவங்க பேசிப் பார்க்கட்டும், கொஞ்சம் பொறு” என்பது அதைவிட மோசம். ஜீவனாம்சத்தை மனு போட்ட நாளிலிருந்து கணக்கிட வேண்டும் என்று 2020-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்படியானால், பேசிப் பார்க்கிற ஒவ்வொரு மாதமும் குழந்தைகளின் பால் காசு போகிறது. பேச்சு ஒரு பக்கம் நடக்கட்டும், மனு முதலில் போகட்டும். ஜீவனாம்சம் கேட்க வழிசெய்கிற, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவுதான் 2024 ஜூலையிலிருந்து அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் 144-வது பிரிவு. இடைக்கால ஜீவனாம்ச மனுவை, எதிராளிக்கு நோட்டீஸ் சேர்ந்த 60 நாளுக்குள் கூடியவரை முடிக்க வேண்டும் என்றும் அதில் இருக்கிறது. வக்கீலுக்குப் பணமில்லையே என்று தயங்க வேண்டாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்றத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேட்கலாம், 15100-க்கும் அழைக்கலாம்.

இன்னொன்று. பிரசவத்துக்குப் பிறகு இரண்டு வாரம் தாண்டியும் அழுகை நிற்கவில்லை, குழந்தையைத் தொடவே பிடிக்கவில்லை என்றால் அதைத் திமிர் என்று பேசாதீர்கள். டாக்டரிடம் கூட்டிப் போங்கள்.

பார்க்கப் போகிறவர்கள் ஆப்பிளும் ஹார்லிக்ஸும் வாங்காவிட்டால் பரவாயில்லை. சோறு கொண்டு போங்கள், துணி அலசிப் போடுங்கள். முடிந்தால் ஒரு ராத்திரி தங்கி, அவளைத் தூங்க விடுங்கள்.

அரசிடம் நான் கேட்பது, கைக்குழந்தையோடு நிற்கிற பெண்ணுக்கு அந்த 30 வயதையும் 5 வருஷத்தையும் எடுத்துவிட வேண்டும் என்பதுதான். கிராம நிர்வாக அலுவலர் விசாரித்துச் சான்று கொடுத்தால் அடுத்த மாதமே பணம் வர வேண்டும்.