ஊர் கூடி இழுத்த தேர்: மெம்பிஸ், 1995

கார் சறுக்கும் ரீல்ஸும் ஜிம்மில் எடை தூக்கும் ரீல்ஸும் பார்க்கிறவர்கள் யாரும் ஃபோங்க் இசையிலிருந்து தப்பியிருக்க முடியாது. விடாமல் அடிக்கும் மணியோசை, நெஞ்சில் இடிக்கும் பேஸ், அதற்கடியில் தேய்ந்து கரகரத்த ஒரு ராப் குரல். கீழே நம் பிள்ளைகள் "ரஷ்ய இசை செம" என்று எழுதுகிறார்கள். மெட்டுக்கட்டியவர் ரஷ்யாக்காரராக இருக்கலாம், பிரிட்டனைச் சேர்ந்தவராகவும் இருக்கலாம். ஆனால் பல பாட்டுகளில் அந்தக் குரல் அமெரிக்காவின் டென்னசி மாநிலத்து மெம்பிஸ் நகரத்துடையது. 1990களில் அந்த ஊர்க் கறுப்பினப் பிள்ளைகள் வீட்டில் பதிவு செய்து, கையால் நகலெடுத்து விற்ற கேசட்டுகளிலிருந்து வெட்டி எடுத்தது. குரலுக்குச் சொந்தக்காரர் பெயர் பெரும்பாலும் எங்கும் இருப்பதில்லை. இது எனக்குப் பொறுக்கவில்லை. அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

அந்தக் கேசட் உலகத்திலிருந்து முளைத்து முழு ஆல்பமாக வெளிவந்தவற்றில் எனக்கு முதன்மையானது த்ரீ சிக்ஸ் மாஃபியா குழுவின் 'மிஸ்டிக் ஸ்டைல்ஸ்'. 1995 மே மாதம், ப்ராஃபெட் என்டர்டெயின்மென்ட் என்ற சொந்த லேபிளில், அதாவது சொந்த இசை வெளியீட்டு நிறுவனத்தில் வந்தது. இசையமைத்த இருவரில் டிஜே பாலுக்கு அப்போது வயது 18. ஜூசி ஜேவுக்கு 20. குழுவில் இருந்த ஒரே பெண் கேங்ஸ்டா பூ, 15 வயதுச் சிறுமி. நியூயார்க்கின் பெரிய கம்பெனியோ லாஸ் ஏஞ்சலிஸின் பெரிய ஸ்டூடியோவோ இவர்களுக்குப் பின்னால் இல்லை.

இந்தக் கதையைச் சொல்லும்போதெல்லாம் கேட்பவர்கள் உடனே ஒரு முடிவுக்கு வந்துவிடுகிறார்கள்: "பார்த்தீர்களா, திறமை இருந்தால் யாருடைய தயவும் வேண்டாம், தனியாகவே சாதிக்கலாம்." எனக்கு இதில் உடன்பாடு இல்லை. சுயாதீன இசை என்றாலே ஓர் அறை, ஒரு மைக், ஒரு மேதை என்று கற்பனை செய்வது பெரிய தவறு. 'மிஸ்டிக் ஸ்டைல்ஸ்' ஊர் கூடி இழுத்த தேர். பெரிய கம்பெனியின் தயவு அதற்குத் தேவைப்படவில்லை, அது உண்மைதான். ஆனால் மெம்பிஸ் இல்லாமல் அந்த ஆல்பம் இல்லை.

மெம்பிஸ் ஏற்கெனவே ஒரு பெரிய இசைக் கம்பெனியைப் பெற்று இழந்த ஊர். ஸ்டாக்ஸ் ரெக்கார்ட்ஸ் அங்கேதான் இருந்தது. சோல் இசைப் பாடகர்கள் ஐசக் ஹேய்ஸ், ஓட்டிஸ் ரெடிங் எல்லாம் அந்த வீட்டுப் பிள்ளைகள். 1975 இறுதியில் ஸ்டாக்ஸ் திவாலானது. 1989இல் கட்டடத்தையே இடித்துவிட்டார்கள். டிஜே பாலும் ஜூசி ஜேவும் வளர்ந்தது அதற்குப் பிறகான மெம்பிஸில். வீட்டில் அப்பா அம்மா வைத்திருந்த சோல் இசைத்தட்டுகள் இருந்தன, வெளியே வேலை கொடுக்கிற பெரிய லேபிள் எதுவும் இல்லை. அந்தத் தட்டுகளிலிருந்துதான் பின்னாளில் இவர்கள் துண்டு துண்டாக எடுத்துப் புதிய மெட்டுகளைக் கட்டினார்கள்.

ஆனால் எல்லாமே அழிந்துவிடவில்லை. செலக்ட்-ஓ-ஹிட்ஸ் என்ற விநியோக நிறுவனம் அதே ஊரில் தாக்குப்பிடித்து நின்றது. எல்விஸ் பிரெஸ்லியை முதலில் பதிவு செய்த சன் ரெக்கார்ட்ஸின் சாம் ஃபிலிப்ஸ் இருக்கிறாரே, அவருடைய அண்ணன் தம்பிகளில் ஒருவரான டாம் ஃபிலிப்ஸ் 1960இல் தொடங்கியது அது. சின்ன லேபிள்களின் சரக்கை வாங்கி, ஊர் ஊராகக் கடைகளுக்கு அனுப்பும் வேலை. முப்பத்தைந்து வருடம் கழித்து அதே நிறுவனம்தான் 'மிஸ்டிக் ஸ்டைல்ஸ்' கேசட்டையும் சிடியையும் கடைகளுக்குக் கொண்டு சேர்த்தது. ராக் அண்ட் ரோல் பிறந்த காலத்துக் குடும்பம் ஒன்று, பேய்ப்பட இசைபோல் ஒலிக்கும் ஒரு ராப் ஆல்பத்துக்கு வழி செய்து கொடுத்தது. இந்த ஆல்பத்தைக் கொண்டாடி எழுதுபவர்கள் இந்தப் பகுதியைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கோ இதுதான் கதையின் நடு.

கேசட் எப்படித் தயாரானது என்று கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். அந்தக் காலத்து வீட்டுப் பதிவுகளின் கருவி, நான்கு தட கேசட் ரெக்கார்டர். சாதாரண கேசட்டில் 'ஏ' பக்கத்துக்கு இரண்டு தடம், 'பி' பக்கத்துக்கு இரண்டு தடம். இந்தக் கருவி நான்கையும் ஒரே திசையில் ஓட்டும். ஒன்றில் டிரம், ஒன்றில் பேஸ், ஒன்றில் கீபோர்டு, ஒன்றில் குரல் என்று வைத்தால் அத்தோடு இடம் தீர்ந்துவிடும். இரண்டாவது குரல் வேண்டுமென்றால் என்ன செய்வது? நான்காவதை நிரப்பும் முன்பே, நிரம்பிய மூன்று தடங்களையும் ஒன்றாகக் கலந்து நான்காவது தடத்தில் பதிந்துகொண்டு, காலியான மூன்றில் மறுபடி தொடங்க வேண்டும். ஒருமுறை கலந்துவிட்டால் பிரிக்க முடியாது. டிரம் கொஞ்சம் தூக்கலாகிவிட்டது என்று பிறகு தெரிந்தால், தெரிந்ததுதான் மிச்சம். ஒவ்வொரு கலப்பிலும் டேப்பின் இரைச்சலும் ஒரு படி கூடும். முடிந்த பாட்டை இரட்டை டெக்கில் போட்டு நகல், நகலிலிருந்து இன்னொரு நகல் என்று எடுக்க எடுக்க, மேல் சுருதிகள் மங்கி, குரல் இருட்டுக்குள் போய், இரைச்சல் பாட்டின் ஓர் அங்கமாகவே ஆகிவிடும்.

இன்று ஃபோங்க் செய்கிறவர்கள் அந்த இரைச்சலை மென்பொருளில் வேண்டுமென்றே சேர்க்கிறார்கள். அவர்களுக்கு அது அழகு. மெம்பிஸ் பிள்ளைகளுக்கு அது கையிலிருந்த கருவியின் எல்லை. ஆனாலும் அந்த எல்லைக்குள் என்ன எடுபடும் என்று காதால் கண்டுபிடித்தார்கள், அதுதான் அவர்களுடைய மேதைமை. நுணுக்கமான வாத்திய அடுக்குகள் நான்கு தடத்தில் கரைந்துபோகும். நீண்டு உறுமும் 808 டிரம் இயந்திரத்தின் பேஸும், ஒரே மணியோசையும், மைனர் சுரங்களில் நாலைந்து சுரம் மட்டுமே சுற்றிச் சுற்றி வரும் கீபோர்டும் கரையாது. இந்த இசையின் திகில் பாதி அந்தச் சிக்கனத்தில் பிறந்தது என்பது என் கருத்து.

'மிஸ்டிக் ஸ்டைல்ஸ்' ஒரே மூச்சில் எழுதிப் பதிந்த ஆல்பம் இல்லை. அதன் பாட்டுகள் சில முன்பே அவர்களுடைய கேசட்டுகளில் வேறு வடிவத்தில் வந்தவை. ஒரு பாட்டின் தலைப்பிலேயே '95' என்று ஆண்டைச் சேர்த்திருக்கிறார்கள். பழைய பாட்டின் புதிய பதிப்பு என்று அதுவே சொல்லிவிடுகிறது. பாலும் ஜூசி ஜேவும் முதலில் டிஜேக்கள். பாட்டை ஊரில் விட்டு, எது பிடிக்கிறது, எதற்குக் கூட்டம் ஆடுகிறது என்று நேரில் பார்த்தவர்கள். மெம்பிஸுக்கென்றே கேங்ஸ்டா வாக் என்று ஒரு நடனம் உண்டு. கிரிஸ்டல் பேலஸ் என்ற ஸ்கேட்டிங் அரங்கத்திலும் கிளப்புகளிலும் பிள்ளைகள் வட்டமாகச் சுற்றிக்கொண்டே, தரையை மிதித்துக்கொண்டே ஆடுவார்கள். இவர்களுக்கு முன்னோடியான டிஜே ஸ்பானிஷ் ஃபிளை அந்த ஆட்டத்துக்கென்றே மெட்டு போட்டவர். மிதிக்கு ஏற்ற மெட்டு தங்கியது, ஏறாதது கழிந்தது. ஊர் வடிகட்டிக் கொடுத்த பாட்டுகளைத்தான் ஆல்பத்துக்காகத் திரும்பப் பதிந்தார்கள். பெரிய கம்பெனியில் இந்த வேலைக்கு மாடி அறையில் ஓர் அதிகாரி உட்கார்ந்திருப்பார். இங்கே அதைச் செய்தது ஆடுகிற கால்கள்.

இன்னொன்றும் உண்டு. பால் நகரின் தென்பகுதிக்காரர், ஜூசி ஜே வடபகுதிக்காரர். மெம்பிஸில் அது சின்ன விஷயமில்லை. இரு பகுதிக்கும் ஆகாது. இருவரும் சேர்ந்ததால் இரண்டு பகுதிக் கேட்போரும் ஒரு குழுவின் கீழ் வந்தார்கள். ரத்த உறவுகளும் சேர்ந்துகொண்டன: குழுவின் ராப் பாடகர்களில் ஒருவரான லார்ட் இன்ஃபமஸ், பெற்றோரில் ஒருவர் வழியில் மட்டும் பாலுக்குச் சகோதரர். ஜூசி ஜேயின் கூடப்பிறந்த ப்ராஜெக்ட் பாட் பின்னால் அந்த வட்டத்திலேயே பெரிய பெயரானார்.

லார்ட் இன்ஃபமஸைப் பற்றித் தனியாகச் சொல்லியாக வேண்டும். ஓர் அடிக்கு மூன்று அசைகளாக, நம் சங்கீதக்காரர்கள் திஸ்ர நடை என்பார்களே, அப்படி உருட்டிக்கொண்டே போவார். மெட்டு மெதுவாக நகரும், சொற்கள் அதன்மேல் மும்மூன்றாக ஓடும். 2013 வாக்கில் அட்லாண்டாவின் மீகோஸ் குழுவால் அந்த நடை உலகம் முழுவதும் பரவியபோது, பலர் அதைப் புதுக் கண்டுபிடிப்பு என்று எழுதினார்கள். அதே ஆண்டு டிசம்பரில் லார்ட் இன்ஃபமஸ் 40 வயதில் மாரடைப்பில் இறந்துபோனார். அந்த நடையைத் தன் அடையாளமாக்கி வைத்திருந்தவருக்கு அவர் இருக்கும்போதே கிடைத்திருக்க வேண்டிய மரியாதை அது.

ஆல்பத்தின் சொற்களை நான் முழுவதும் தாங்கிப் பேச மாட்டேன். கொலை, சாத்தான், போதை, பெண்களை இழிவாகப் பேசும் வரிகள் நிறைய உண்டு. திகில் கதை சொல்லும் மரபு, வன்முறை மிகுந்த ஊரின் எதிரொலி என்றெல்லாம் விளக்கம் உண்டு. அவற்றில் உண்மையும் உண்டு. ஆனாலும் சில வரிகள் என்னை இன்றும் முகம் சுளிக்க வைக்கின்றன. இந்த ஆண் குரல்களுக்கு நடுவே கேங்ஸ்டா பூ வந்து நிற்பதுதான் எனக்கு ஆல்பத்தின் உச்சம். குரலில் நடுக்கமே கிடையாது. விருந்தாளியாக அல்ல, சரிசமமாக நின்று அடிக்கிறார். 15 வயதுப் பெண் அப்படிப் பேச வேண்டிய நிலை ஏன் வந்தது என்ற வருத்தமும், அந்தத் திறமைமேல் வியப்பும் எனக்கு ஒன்றாகவே வருகின்றன.

ஆல்பம் வந்த 1995 ஆகஸ்டில் நியூயார்க்கில் நடந்த, ஹிப் ஹாப் இசைக்கான சோர்ஸ் விருது விழாவில், அட்லாண்டாவின் அவுட்காஸ்ட் குழு விருது வாங்க மேடையேறியபோது கூட்டம் கூச்சலிட்டு அவமதித்தது. தென்மாநில ராப் என்றால் அவ்வளவு இளக்காரம். அவுட்காஸ்டுக்காவது பின்னால் ஒரு பெரிய லேபிள் இருந்தது. மெம்பிஸ் பிள்ளைகள் அந்த அரங்கத்தின் வாசலில்கூட இல்லை. ஆனால் அந்த வாசல் திறக்கட்டும் என்று அவர்கள் காத்திருக்கவில்லை, ஏனென்றால் அவர்களுடைய சந்தை தெற்கிலேயே இருந்தது. கார் ஸ்டீரியோ கடையில் கேசட் விற்கும். டிக்கியில் பெரிய ஸ்பீக்கர் பொருத்தியவன் அதைப் போட்டுக்கொண்டு தெருவில் போவான். அவன் வண்டியே விளம்பரம். விநியோக நிறுவனம் சரக்கைப் பக்கத்து மாநிலங்களுக்கு அனுப்பும். கடைக்காரர் விற்ற பிறகு பணம் தருவார், விற்காதது திரும்பி வரும், விநியோகஸ்தர் தன் பங்கை எடுத்துக்கொண்டு மீதியைக் கொடுப்பார். காலதாமதமும் இழுபறியும் இதில் சகஜம்தான். ஆனால் பணம் எந்த வழியாக வருகிறது என்பது கண்ணுக்குத் தெரிந்தது.

இந்த வழி மெம்பிஸுக்கு மட்டும் சொந்தமில்லை. ஹூஸ்டனில் ராப்-எ-லாட் என்ற லேபிள் இருந்தது, நியூ ஆர்லியன்ஸில் நோ லிமிட், கேஷ் மணி என்ற லேபிள்கள் இருந்தன. முதலில் சொந்த வட்டாரத்தில் விற்றுக் காட்டி, பிறகு பெரிய கம்பெனியிடம் நிமிர்ந்து நின்று பேரம் பேசியவர்கள். 1998இல் யுனிவர்சலோடு ஒப்பந்தம் போட்டபோதும் தன் பதிவுகளின் உரிமையைக் கேஷ் மணி விட்டுக்கொடுக்கவில்லை என்பது இசை வியாபாரத்தில் இன்றும் பேசப்படும் சங்கதி.

இன்று ஒரு பையன் மடிக்கணினியில் பாட்டுப் போட்டு, ஏதோ ஒரு சேவைக்குக் கட்டணம் கட்டி, எல்லாத் தளங்களிலும் ஏற்றிவிட்டு "நான் சுயாதீனக் கலைஞன்" என்கிறான். அவன் உழைப்பை நான் குறை சொல்லவில்லை. ஆனால் அவன் பாட்டு யாருக்குப் போகிறது என்று அவனுக்குத் தெரியாது. அதைக் காட்டுவதா மறைப்பதா என்பதை எங்கோ இருக்கும் ஒரு கம்பெனியின் கணக்கு முடிவு செய்கிறது. பிடிக்கவில்லை என்றால் முகத்துக்கு நேரே சொல்ல ஓர் ஊர் இல்லை, பிடித்தால் இன்னும் பத்து கேசட் கேட்க ஒரு கடைக்காரர் இல்லை. இதைச் சுயாதீனம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவனைத் தனியாக விட்டிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

மெம்பிஸ் குழு பிறகு எங்கேயோ போனது. 2006இல் ஆஸ்கர் விருது வென்ற முதல் ஹிப் ஹாப் குழு அதுதான். ஆனால் அதே கேசட் காலத்தில் உழைத்த எல்லோருக்கும் அந்த வாழ்வு அமையவில்லை. டாமி ரைட் III ஸ்ட்ரீட் ஸ்மார்ட் ரெக்கார்ட்ஸ் என்று சொந்த லேபிள் தொடங்கித் தானே இசையமைத்துத் தானே வெளியிட்டவர். ஸ்கேட்போர்டு வீடியோக்கள் வழியாகப் பல வருடம் கழித்துத்தான் உலகம் அவரைக் கண்டுகொண்டது. அவரோடு பாடிய பிரின்சஸ் லோகோ 2020இல் மறைந்தார். கேங்ஸ்டா பூ 2023 ஜனவரி 1 அன்று 43 வயதில் போய்விட்டார். இந்தத் தலைமுறையின் குரல்களை வெட்டி ஒட்டிய பாட்டுகள் கோடிக்கணக்கில் ஓடுகின்றன.

குரலை எடுத்துப் புதிய பாட்டு செய்வதை நான் எதிர்க்கவில்லை. மெம்பிஸ்காரர்களும் ஸ்டாக்ஸ் தட்டுகளிலிருந்து எடுத்தவர்கள்தான். ஆனால் இன்று ஒரு சினிமாப் பாட்டின் பத்து நொடியைப் போட்டால் உடனே அடையாளம் கண்டு முடக்கும் தளங்களுக்கு, ஒரு மெம்பிஸ் கேசட்டின் குரலை அடையாளம் காண முடியாது என்றால் நான் நம்பத் தயாரில்லை. பெரிய கம்பெனி பதிவு செய்து வைத்த பாட்டுக்குக் காவல் இருக்கிறது. கையால் நகலெடுத்து விற்ற பாட்டுக்கு இல்லை. உரிமையாளரைத் தேடிப் பணம் சேர்க்கும் பொறுப்பு, அந்தப் பாட்டுகளால் விளம்பரக் காசு பார்க்கும் தளங்களுடையது. அதுவரை நம்மால் முடிந்த சின்ன வேலை ஒன்று இருக்கிறது: அடுத்த முறை ஒரு ஃபோங்க் ரீல் பிடித்திருந்தால், பகிரும் முன் கமெண்டில் "இந்தக் குரல் யாருடையது?" என்று கேளுங்கள். தெரிந்தவர் யாராவது பதில் எழுதுவார். எனக்குத் தெரிந்தால் நானும் வந்து எழுதுகிறேன்.