வழிகாட்டி பார்த்துத் திறந்த முடிவு யாருடையது?

புதிதாக ஒரு திகில் வீடியோ விளையாட்டு, அதிலும் பல முடிவுகள் உள்ளது, வெளிவந்தால் போதும், மறுநாள் காலையிலேயே இணையத்தில் அந்தக் கேள்வி வந்து நிற்கும்: "எல்லா முடிவுகளையும் திறப்பது எப்படி?" கேட்பவர் பெரும்பாலும் முதல் அறையின் பூட்டையே இன்னும் திறந்திருக்க மாட்டார். பதில் சொல்லப் பத்துப் பேர் தயாராக இருப்பார்கள். இதை எடு, அதைப் பார்க்காதே, இவளோடு பேசு, அந்தப் பக்கம் போகாதே. இப்படிப் படிப்படியாகச் சொல்லித்தருவதுதான் வழிகாட்டி.

என் அபிப்பிராயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், திட்ட வருகிறவர்கள் நேரத்தை மிச்சப்படுத்திக்கொள்ளலாம். உளவியல் திகில் விளையாட்டுகளில் ஒரு வகை உண்டு. அவற்றில் யாரையும் கேட்காமல், எதையும் படிக்காமல், முதல் தடவை நீங்களாகப் போய்ச் சேரும் முடிவு ஒன்றுதான் உங்களுடையது. மற்றவற்றைத் தாராளமாகப் பாருங்கள், வீடியோவில் பார்த்தாலும் குறையில்லை. ஆனால் "எட்டு முடிவையும் முடித்துவிட்டேன்" என்று படம் போடுகிறவர்களை வாழ்த்த எனக்கு மனம் வருவதில்லை.

இனிக் கதையை உடைத்துத்தான் பேசப்போகிறேன். 'சைலன்ட் ஹில் 2' விளையாட நினைத்திருப்பவர்கள் இத்துடன் நிறுத்திவிட்டு, விளையாடி முடித்துவிட்டு வாருங்கள். பதிவு எங்கும் ஓடிவிடாது.

2001இல் கொனாமி வெளியிட்ட விளையாட்டு அது. நாயகன் ஜேம்ஸ். மனைவி மேரி நோயில் இறந்து மூன்று வருடங்களாகிவிட்டன என்று சொல்லிக்கொள்கிறவன். அந்த மேரியிடமிருந்தே ஒரு கடிதம் வருகிறது. மூடுபனி படிந்த நகரத்துக்கு அவளைத் தேடிப் போகிறான். அங்கே அச்சு அசலாக மேரியின் முகத்தோடு மரியா என்றொருத்தி வந்து சேர்கிறாள்.

கடைசியில் மூன்று கதவுகளை நிறுத்தி "எது வேண்டும்?" என்று கேட்கிற வேலை இதில் இல்லை. நீங்கள் எப்படி நடந்துகொள்கிறீர்கள் என்பதை ஆரம்பத்திலிருந்தே சத்தம் போடாமல் கணக்கெடுத்துக்கொண்டு வருகிறது. காயம் பட்டதும் மருந்தெடுக்கிறீர்களா, குற்றுயிரோடு திரிகிறீர்களா? பையைத் திறந்து மேரியின் படத்தைப் பார்க்கிறீர்களா? மரியாவோடு ஒட்டி நடக்கிறீர்களா, அவளைப் பின்னால் விட்டுவிட்டு ஓடுகிறீர்களா? மருத்துவமனை அறையில் படுக்கவைத்துவிட்டு வந்தவளை மறுபடி போய் எட்டிப் பார்த்தீர்களா? இவற்றின் கூட்டுத்தொகைதான் ஜேம்ஸ் ஊரைவிட்டுப் போவதா, மரியாவோடு போவதா, காரோடு ஏரிக்குள் இறங்குவதா என்பதைத் தீர்மானிக்கிறது.

எனக்கு மிகவும் பிடித்தது அந்தக் கடிதம். கதை நகர நகரப் பைக்குள் கிடக்கும் கடிதத்தின் எழுத்துகள் அழிந்து வெறுந்தாளாகின்றன. பிறகு தாளும் காணாமல் போய்விடுகிறது. எந்த அறிவிப்பும் கிடையாது. திறந்து பார்த்தவருக்கு மட்டும் தெரியும்.

என் அக்காவின் மகனுக்கு இருபது வயதுக்குக் கிட்ட. போலந்தின் புளூபர் டீம் செய்து, 2024 ஒக்டோபரில் கொனாமி வெளியிட்ட மறு ஆக்கத்தைக் கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் தொடர்மாடி வீட்டில் இருந்துதான் விளையாடினான். நான் பக்கத்தில் தேநீரோடு உட்கார்ந்து பார்த்தேன். வாயே திறக்கவில்லை. என்ன பாடுபட்டு மூடி வைத்திருந்தேன் என்பது எனக்குத்தான் தெரியும்.

பிள்ளை கஞ்சன். பைக்குள் ஹெல்த் டிரிங்க் போத்தல்கள் குவிந்து கிடக்கின்றன, சிரிஞ்சுகள் வேறு. ஜேம்ஸோ இன்னும் ஓர் அடி வாங்கினால் முடிந்துபோவான். "குடியேன்டா" என்று நாக்கு நுனிவரை வந்தது. அவனே திரும்பிப் பார்த்து, "பெரிசு ஏதாவது வரும் சித்தி, அதற்கு வைத்திருக்கிறேன்" என்றான். பெரிசும் வந்தது. அதற்கும் குடிக்கவில்லை.

பிறகு அந்தக் கத்தி. அஞ்செலா என்ற பெண் தன்னையே மாய்த்துக்கொள்ள எண்ணிக் கையில் வைத்திருந்தது. அவளிடமிருந்து ஜேம்ஸிடம் வருகிறது. அது ஒரு பூட்டையும் திறக்காது, ஒரு பேயையும் வெட்டாது. ஆனால் இவன் புதிர் விளையாட்டுகளில் ஊறியவன், பையில் இருக்கும் எதுவும் எங்காவது பொருந்தியே தீரும் என்று நம்புகிறவன். ஒவ்வொரு புதிர் வரும்போதும் கத்தியை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான், பிடியில் ஏதாவது எண் பொறித்திருக்கிறதா என்று. அவன் எண்ணைத் தேடுகிறான், விளையாட்டோ இந்த மனிதனுக்கு ஏன் கத்தி மேலேயே கண் என்று குறித்துக்கொள்கிறது.

வந்த முடிவு ஏரி.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தவன், உடனே கைபேசியில் காரணம் தேடினான். படித்துவிட்டு வந்த கோபத்தைப் பார்க்க வேண்டுமே. "என்ன சித்தி இது? மருந்தை மிச்சம் பிடித்தால் சாக ஆசைப்படுகிறேன் என்று அர்த்தமா?"

நியாயமான கேள்விதான். இவன் இலங்கையின் நெருக்கடி ஆண்டான 2022ஐப் பாடசாலைச் சீருடையோடு கடந்தவன். அந்த மார்ச் கடைசியில் நாளுக்கு 13 மணித்தியால மின்வெட்டு வரை போனது, எரிவாயு சிலிண்டருக்கு விடியுமுன் வரிசை, மருந்துக்கடையில் எதைக் கேட்டாலும் "இல்லை". அன்று தொட்டு எங்கள் வீட்டில் எந்தப் பொருளையும் அடிவரை எடுப்பதில்லை. அக்காவின் அலுமாரியில் இன்றைக்கும் மெழுகுதிரிப் பெட்டிகள் அடுக்கியபடியே இருக்கின்றன. யப்பானில் உட்கார்ந்து 2001இல் ஒருவர் எழுதிய விதிக்குக் கொழும்புப் பிள்ளையின் சிக்கனம் எப்படிப் புரியும்? விளையாட்டு தன்னைப் பிழையாகப் படித்துவிட்டது என்று வாதாடினான்.

நான் அவ்வளவு உறுதியாக இல்லை. கையில் மருந்து இருக்க, வலியோடு நடப்பதை ஒரு குணமாகவே பழகிக்கொண்ட குடும்பம் எங்களுடையது. அக்கா பல்வலியைப் பொறுத்துக்கொண்டு வாரக்கணக்கில் திரிந்தவள், "இன்னும் கூடினால் போவோம்" என்று. அந்த விதிக்கு எங்களைத் தெரியாது, ஆனாலும் எதையோ சரியாகப் பிடித்துவிட்டது என்றேன். அவன் ஒத்துக்கொள்ளவில்லை. இரவுச் சாப்பாடு வரை இழுபட்டது. பிட்டுச் சட்டியோடு வந்த அக்கா, "ஒரு பேய் விளையாட்டுக்கா இவ்வளவு கதை?" என்று கேட்டுவிட்டுப் போனாள். தன்னைப் பற்றித்தான் கதைக்கிறோம் என்று அவளுக்குத் தெரியாது.

இவன் வழிகாட்டியைப் பக்கத்தில் வைத்து விளையாடியிருந்தால் நேரத்துக்கு மருந்து குடித்திருப்பான், சொன்னபடி மேரியின் படத்தைப் பார்த்திருப்பான், எல்லோரும் 'நல்ல முடிவு' என்று சொல்வதை வாங்கியிருப்பான். இந்தச் சண்டை நடந்திருக்காது. அந்த விளையாட்டிலிருந்து எங்களுக்குக் கிடைத்ததில் பெரிய பங்கு இந்தச் சண்டைதான்.

நாங்கள் விளையாடிய காலத்தில் இப்படிக் காரணம் தேடவும் வழியில்லை. பம்பலப்பிட்டியில் வாங்கிய நகல் இறுவட்டு, உறையில் மங்கிய பிரதிப் படம், கையேடு என்ற பேச்சே கிடையாது. ஒன்றுக்கு மேற்பட்ட முடிவுகள் உண்டு என்பதே எங்களுக்குத் தெரியாது. பெரியம்மாவின் மகன் அண்ணா விளையாடி முடித்துவிட்டு, ஜேம்ஸ் லோரா என்ற சிறுமியோடு ஊரைவிட்டுப் போவதாகச் சொன்னார். எனக்கோ அவன் மரியாவோடு போகிறான், காரடியில் அவள் இருமத் தொடங்குகிறாள். கீழ்மாடிப் பையன் ஏரியைச் சொன்னபோது இருவரும் சேர்ந்து அவனைப் பொய்யன் என்றோம். பிறகு நாங்கள் இருவரும் ஒருவரையொருவர் சொன்னோம். கடைசியில் மூன்று பேரும் விளையாட்டைச் சேமித்து வைக்கும் மெமரி கார்டைக் கழற்றிக்கொண்டு வந்து ஒரே தொலைக்காட்சியில் போட்டுக் காட்டித்தான் தீர்ந்தது. எனக்கு ஏன் மரியா கிடைத்தாள் என்று வெகுகாலம் கழித்துத்தான் விளங்கியது. நான் அவளை விட்டு ஓரடி நகரவில்லை. தனியே போகப் பயம். அதை விளையாட்டு காதல் என்று எடுத்துக்கொண்டது. (இதை என் கணவரிடம் சொன்னபோது அவர் சிரித்த சிரிப்பு எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை.)

2008இல் பிளேஸ்டேஷன் 3 கருவிக்குக் கோப்பைகள் வந்தன, விளையாட்டில் ஒன்றைச் சாதித்தால் கணக்கில் சேரும் அடையாளங்கள். அன்றிலிருந்து எத்தனை முடிவு பார்த்தாய் என்பது ஊரறிய எண்ணக்கூடிய கணக்காகிவிட்டது. இப்போதைய மறு ஆக்கத்தில் மொத்தம் எட்டு முடிவுகள். பழைய ஆறோடு புதிதாக இரண்டு. ஒவ்வொன்றுக்கும் ஒரு கோப்பை. கோப்பைக்காக ஜேம்ஸை வேண்டுமென்றே அடிபட வைத்து, மருந்து கொடுக்காமல் அலைய விட்டு, கத்தியைச் சொன்ன தடவை பார்த்து ஏரி முடிவைத் 'திறக்கிறார்கள்'. அந்தக் காட்சியின் கனம் அவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது?

இதற்காக எல்லாப் பழியையும் விளையாடுகிறவர் தலையில் போட முடியாது. 1999இல் வந்த முதல் 'சைலன்ட் ஹில்' விளையாட்டையே எடுங்கள். மருத்துவமனைச் சமையலறையில் ஒரு பிளாஸ்டிக் போத்தல் கிடக்கிறது. அதை எடுத்து, பணிப்பாளரின் அறையில் சிந்திக் கிடக்கும் சிவப்புத் திரவத்தை அதில் பிடித்து வைத்திருந்தால்தான், வெகுநேரம் கழித்து ஒரு களியாட்டப் பூங்காவின் ராட்டினத்தில் சிபில் என்ற பொலிஸ்காரியைக் காப்பாற்றலாம். இல்லாவிட்டால் உங்கள் கையாலேயே அவளைச் சுட வேண்டும். ஒரு வெற்றுப் போத்தலைத் தவறவிட்டதற்கு அவ்வளவு பெரிய தண்டனை. அங்கே விளையாட்டு என் மனத்தைப் படிக்கவில்லை, என் கண் கூர்மையைச் சோதிக்கிறது. அதற்கு ஒருவர் வழிகாட்டி பார்த்தால் நான் தலையிட மாட்டேன். இது தெரியாமல்தான் பலர் இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள்.

இன்னொரு வகையில் முடிவுகளே புதிரின் துண்டுகள். 2009இல் நின்டென்டோ டிஎஸ் கருவிக்கு வந்த '999' அப்படி. பூட்டிய அறைகளிலிருந்து தப்பிக்கும் கதை, ஆறு முடிவுகள். அவற்றில் குறிப்பிட்ட ஒன்றைப் பார்க்காமல் உண்மையான முடிவுக்குப் போனால் கதை பாதியில் நின்றுவிடும். ஒரு கிளையில் அறிந்தது மறு கிளையில் ஏன் பயன்படுகிறது என்பதற்குக் கதைக்குள்ளேயே காரணமும் வைத்திருக்கிறார்கள், அழகான காரணம். இங்கே எல்லா முடிவுகளையும் தேடுவது பேராசை அல்ல, அதுதான் விளையாட்டே. ஆனால் அந்தப் பழைய பதிப்பில் ஒவ்வொரு சுற்றிலும், விடை தெரிந்த அதே புதிர்களை மறுபடி அவிழ்க்க வேண்டும். விக்கிரமாதித்தன் கதையில் வேதாளம் மறுபடியும் மறுபடியும் முருங்கை மரம் ஏறியது உண்மை, ஆனால் ஒவ்வொரு தடவையும் ஒரு புதுக்கதையாவது சொன்னது. இவர்கள் அதே பிணத்தைச் சுமக்கவிட்டு அதே கதையைச் சொல்கிறார்கள். 2017இல் வந்த மறுபதிப்பில் கிளைப்படம் ஒன்றைச் சேர்த்து, வேண்டிய இடத்துக்கு நேரே தாவ வழி செய்தார்கள். நல்ல காரியம்.

2025 செப்டம்பரில் வந்த 'சைலன்ட் ஹில் எஃப்' விளையாட்டு முதல் சுற்றில் எல்லோருக்கும் ஒரே முடிவைத்தான் தருகிறது. மற்றவை அடுத்தடுத்த சுற்றுகளில்தான் திறக்கும். 2003இல் வந்த மூன்றாம் பாகமும் அப்படித்தான். புதிய சுற்றில் புதிய காட்சிகளும் குறிப்புகளும் வருகின்றன, அதனால் வேதாளத்தின் பக்கம் கொஞ்சம் நெருங்கியிருக்கிறார்கள் என்று சொல்லலாம். எனக்கு என்னவோ முழு மனதாகப் பிடிக்கவில்லை. அண்ணாவும் நானும் கீழ்மாடிப் பையனும் இதை விளையாடியிருந்தால் மூன்று பேரும் ஒரே கதையைச் சொல்லியிருப்போம், சண்டைக்கு ஒன்றும் மிஞ்சியிருக்காது.

பெரிய நிறுவனம், பெரிய பணம் இல்லாமலும் நடத்தையைக் கணக்கெடுத்து முடிவு தரலாம் என்பதற்கு 'ஈப்' என்ற விளையாட்டு போதும். 2012இல் கோரி என்ற யப்பானியர் தனியாளாகச் செய்து இலவசமாக விட்டது. ஓவியக்கூடத்தில் மாட்டிக்கொண்ட சிறுமி, உயிரின் அளவு ஒரு ரோசாப்பூவின் இதழ்கள். கூட வரும் கேரியோடு நீங்கள் எவ்வளவு நேரம் பேசினீர்கள் என்பதும் முடிவில் வந்து நிற்கும். அவசரப்படுகிறவர்களுக்கு அவசரக்காரர்களின் முடிவு. பழைய கணினியிலும் ஓடும், பிள்ளைகளுக்குக் கொடுங்கள்.

நாய் முடிவைப் பற்றிச் சொல்லாவிட்டால் கீழே வந்து கேட்பீர்கள். ஆம், 'சைலன்ட் ஹில் 2' விளையாட்டில் நடந்த எல்லாவற்றையும் ஓர் அறையில் இருந்து இயக்கிக்கொண்டிருந்தது ஒரு நாய் என்று காட்டும் முடிவு உண்டு. அதற்கு வழிகாட்டி பாருங்கள், நண்பர்களைக் கேளுங்கள், என்னையே கேளுங்கள், சாவி எங்கே இருக்கிறது என்று சொல்கிறேன். அது உங்களைப் பற்றி ஒன்றும் சொல்லாது.

மற்றபடி, உங்களுக்கு முதல் தடவை எது வந்தது, ஏன் வந்தது என்று நினைக்கிறீர்கள் என்பதை எழுதுங்கள். மருந்தைச் சேமித்து ஏரிக்குப் போனவர்கள் வேறும் இருந்தால் கட்டாயம் எழுதவும், அக்காவின் மகனிடம் காட்ட வேண்டும். வழிகாட்டி பார்த்தே விளையாடியவர்கள் நாயைப் பற்றி மட்டும் பேசலாம்.