கூட்டைப் படமெடுக்கும் முன்

பறவை ஆய்விலிருந்து காட்டுயிர்ப் படமெடுக்க வந்தவரைப் பற்றிய கட்டுரை அருமை. பினாங்கின் கொடிமலை, தெலுக் பஹாங் பக்கம், பெரிய அலகுள்ள இருவாச்சிப் பறவையைப் படமெடுக்கப் போகும் நம் பிள்ளைகளுக்காகக் கொஞ்சம் சேர்க்கிறேன்.

முட்டையிட, பெட்டை மரப்பொந்துக்குள் புகுந்து, வாசலைச் சேறு, எச்சம், பழச்சக்கையால் அடைத்துக்கொள்ளும். அலகு நுழைய ஒரு பிளவுதான் மிச்சம். தாய்க்கும் குஞ்சுக்கும் ஆண் கொண்டுவரும் தீனியே கதி. நாம் மரத்தடியில் நின்றால், தொண்டை நிறைய அத்திப்பழத்தோடு அது பக்கத்துக் கிளையிலேயே தயங்கி உட்காரும்; ஊட்டாமலே திரும்பியும் போய்விடும். வாசலை அடைக்கத் தொடங்கும் நாட்கள் இன்னும் ஆபத்து, கூட்டையே கைவிட்டுவிடலாம். அப்போது கிட்டே போகவே கூடாது.

ஒளிந்திருந்து படமெடுக்கும் மறைப்புக் கூடாரத்தை 40 மீட்டருக்கு அப்பால் போடுங்கள், 600 மி.மீ. லென்ஸ் போதும். ஆண் ஊட்டிவிட்டுப் பறந்த பிறகுதான் கூடாரத்துக்குள்ளே போவதும் வெளியே வருவதும். குறுக்கே நிற்கும் கிளையை வெட்டாதீர்கள், கயிற்றால் ஒதுக்கிக் கட்டி, முடிந்ததும் அவிழ்த்துவிடுங்கள். வெட்டினால் கூடு குரங்கின் கண்ணில் பட்டுவிடும். பதிவுசெய்த கூவலை ஒலிக்கவிடுவது, ட்ரோன் பறக்கவிடுவது இரண்டும் வேண்டாம். ஃபேஸ்புக்கில் போடும் முன் படத்தில் உள்ள இடக்குறிப்பை நீக்குங்கள். குஞ்சு திருடுகிறவர்களும் அதைத்தான் தேடுகிறார்கள்.